பழக்காவின் புளிப்பு

எனக்கும் என் ஓரகத்திக்கும் ஆகாது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் நான் அவளைப் புகழ வந்திருக்கிறேன் என்று யாராவது தப்பாக நினைத்துக்கொள்வார்கள். அவள் என் வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி. ஒரே வீட்டின் நடுவில் சுவர் எழுப்பி, அந்தப் பக்கம் அவர்கள், இந்தப் பக்கம் நாங்கள். கொல்லை மட்டும் பொது. நான் தையல்காரி. தைத்து முடித்த சட்டைகளையும் கவுன்களையும் தேய்த்து ஜன்னலோரமாக மாட்டிவைப்பேன். அவளோ தினமும் காலையில் கொல்லையில் அடுப்பை மூட்டிப் புளிப்புச் சாறு காய்ச்சுவாள். அந்த ஆவி நேராக என் ஜன்னலுக்குள் நுழைந்து துணியில் ஏறிக்கொள்ளும். சட்டையை வாங்க வருகிறவர்கள் அதை முகர்ந்து பார்த்துவிட்டு என்னை ஒரு மாதிரி பார்ப்பார்கள். அடுப்பைத் தள்ளிப் போடு என்று நானும் சொல்லிப் பார்த்தேன், கத்திப் பார்த்தேன், மூஞ்சியைத் தூக்கிவைத்துக்கொண்டும் பார்த்தேன். அடுப்பு ஒரு அங்குலம்கூட நகரவில்லை.

பஸ் ஸ்டாண்டில் அவளுக்குப் பழக்கா என்று பெயர். பழக்கார அக்கா என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு, நேரமில்லாத டிரைவர்கள் அதைப் பழக்கா ஆக்கிவிட்டார்கள். பின்வாசலில், சைக்கிள் நிறுத்துகிற இடத்தை ஒட்டி ஒரு தகரக் கூரை, ஓர் அடுப்பு, ஓர் இரும்புச் சட்டி. அதுதான் கடை. வாழைப்பழம், அன்னாசி, ஆப்பிள் மூன்றையும் மாவில் தோய்த்துப் பொரித்துக் கொடுப்பாள். தொட்டுக்கொள்ளக் காகிதக் கிண்ணத்தில் புளிப்புச் சாறு.

அந்த இடத்துக்கு அவள் வந்து சேர்ந்ததே ஒரு சண்டையில்தான். அதற்கு முன்னால் பழ மண்டியில் தரம் பிரிக்கிற வேலை. நசுங்கிய பழத்தை அடியில் போட்டு மேலே நல்ல பழத்தை அடுக்கிக் கூடையைக் கட்டு என்று மேஸ்திரி சொல்லியிருக்கிறார். முடியாது என்றாளாம். அப்படியானால் நசுங்கிய பழத்தையெல்லாம் நீயே வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போ என்று அவர் நக்கலாகச் சொல்ல, இவள் நிஜமாகவே கூடையோடு தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். அடிபட்ட இடத்தை வெட்டி எறிந்துவிட்டு மிச்சத்தை மாவில் போட்டுப் பொரித்தாள். மறுநாள் பஸ் ஸ்டாண்டுக்கு அடுப்போடு போனாள். காவலாளி வந்து அடுப்பில் தண்ணீரை ஊற்றி அணைத்தார். அதற்கு மறுநாளும் போனாள், அதே இடத்துக்கு, காய்ந்த விறகோடு. அணைத்து அணைத்து அவருக்குத்தான் கை ஓய்ந்தது. பிறகு முறையாக அனுமதியும் வாங்கிக்கொண்டாள்.

பொரிப்பதில் அவளுக்கென்று சில பிடிவாதங்கள் உண்டு. முன்கூட்டியே பொரித்துக் குவித்து வைக்க மாட்டாள். ஆள் வந்து நின்ற பிறகுதான் பழத்தை நறுக்குவாள். நறுக்கிய துண்டைத் துணியில் ஒற்றி ஈரத்தை எடுத்து, உலர்ந்த மாவில் ஒரு புரட்டுப் புரட்டி, அப்புறம்தான் கரைத்த மாவில் முக்குவாள். உலர்மாவு இல்லாமல் முக்கினால் எண்ணெயில் மாவு தனியாகவும் பழம் தனியாகவும் பிரிந்துவிடும். சட்டியை எட்டிப் பார்க்கவே மாட்டாள், காதால்தான் கேட்பாள். சளசளவென்று கத்துகிற எண்ணெய் மெல்ல அடங்கிச் சன்னமாக முணுமுணுக்கும்போது எடுத்துக் கம்பி வலையில் நிறுத்திவைப்பாள். நெரிசலான நேரத்தில்கூட அவள் அவசரப்பட்டு நான் பார்த்ததில்லை. பஸ் கிளம்பிவிடும் அக்கா என்று ஒருவர் கெஞ்சினால், "அப்போ அடுத்த பஸ்ஸுல போங்க" என்பாள்.

ஆனால் ஆட்கள் தேடி வந்தது அந்தப் புளிப்புக்குத்தான். அன்னாசியின் தோலையும் நடுத்தண்டையும் கழுவிக் கொதிக்கவைத்து வடிகட்டி, அதில் எலுமிச்சை, காய்ந்த மிளகாய், தட்டிய இஞ்சி, உப்பு, கொஞ்சம் சர்க்கரை. எல்லாம் கண் அளவு. ஒரு நாள் அன்னாசி இனிக்கும், ஒரு நாள் சப்பென்றிருக்கும். அதனால் அளவு என்று ஒன்றை எழுதிவைத்தால் வேலைக்காகாது. நாக்கில் ஒரு சொட்டு வைத்துப் பார்த்துத்தான் எலுமிச்சையைக் கூட்டுவாள், குறைப்பாள். அந்த நாக்குதான் போன வருஷம் போய்விட்டது.

ஒரு காய்ச்சல் வந்தது. காய்ச்சல் போனபோது மூக்கையும் நாக்கையும் கூடவே கொண்டுபோய்விட்டது. எலுமிச்சையை அப்படியே கடித்தாலும் ஈரத் துணியைக் கடிப்பது போல இருக்கிறது என்றாள். டாக்டர், திரும்பி வந்தாலும் வரலாம், வராமலும் போகலாம் என்று சொல்லி, காத்திருக்கச் சொன்னார். காத்திருப்பது அவளுக்குக் கை வந்த கலை இல்லை.

என் மூத்தார், அதாவது அவள் வீட்டுக்காரர், பஸ் டிப்போவில் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவர். தங்கமான மனுஷன், அதுதான் அவரிடம் இருக்கிற குறை. போதும், இனிமேல் வீட்டில் உட்காரு என்று அவர் மெதுவாக ஆரம்பித்தார். செல்போன் உறை விற்கிற ஒருவர் அந்த இடத்துக்காக ரொம்ப நாளாக அலைந்துகொண்டிருந்தார். மூத்தார் அவரிடம் பேசியும் வைத்துவிட்டார். பழக்கா ஆடவில்லை, அசையவில்லை. ஒரே ஒரு பேச்சுதான் பேசினாள். புளிப்பு கெட்டுப்போய் ஆட்கள் வருவது நின்றால் அவளே சட்டியைக் கவிழ்த்துவிட்டு இடத்தைக் கொடுத்துவிடுவாள். அதுவரைக்கும் யாரும் இந்தப் பேச்சை எடுக்கக் கூடாது. மூத்தார் சரி என்றார். செல்போன் உறைக்காரரும் பொறுத்திருப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

நாக்கு இல்லாமல் எப்படிக் காய்ச்சுவாள் என்று நான் சுவருக்கு இந்தப் பக்கமிருந்து வேடிக்கை பார்த்தேன். அவள் ஒரு வழி கண்டுபிடித்தாள். காலையில் கடைக்கு முதலில் வருகிறவர் உள்ளங்கையில் ஒரு கரண்டிப் புளிப்பை ஊற்றி, நக்கச் சொல்லி, அவர் முகத்தையே உற்றுப் பார்ப்பாள். எப்படி இருக்கு என்று கேட்க மாட்டாள். இத்தனை வருஷமாக அவள் பார்த்துவைத்திருந்த முகக்கணக்கு அது. புளிப்பு சரியாக இருந்தால் ஒரு கண் தானாக மூடும். போதவில்லை என்றால் இரண்டு கண்ணும் திறந்தே இருக்கும். அதிகமாகிவிட்டால் இரண்டும் மூடிக்கொள்ளும், தோளும் சேர்ந்து குலுங்கும். முகத்தைப் பார்த்துவிட்டு எலுமிச்சை பிழிவாள், இல்லாவிட்டால் சர்க்கரை போடுவாள். அடுத்தவரைக் கூப்பிட்டு மறுபடி பார்ப்பாள். ஊரார் நாக்கையெல்லாம் இரவல் வாங்கி அவள் கடையை ஓட்டினாள். சொல்லக் கூடாதுதான், எனக்கே கொஞ்சம் மலைப்பாக இருந்தது.

எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. மூத்தாருக்குத்தான் மனசு கேட்கவில்லை. பஸ் ஸ்டாண்டு டைம் கீப்பரிடம் போய், அவளுக்கு நாக்கில் உணர்ச்சி இல்லை, பாவம், நீங்கள் கொஞ்சம் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லியிருக்கிறார். டைம் கீப்பர் பஸ் கிளம்புகிற நேரத்தை ஒலிபெருக்கியில் அறிவிக்கிறவர். ஒலிபெருக்கி இல்லாமலும் அவர் அறிவிப்பார். அரை நாளைக்குள் டிரைவர், கண்டக்டர், சைக்கிள் ஸ்டாண்டுக்காரர் வரைக்கும் சேதி போய்விட்டது. கூடவே ஒரு யோசனையும் போனது. பழக்கா முகத்தைப் பார்த்துத்தான் புளிப்பு போடுகிறாள், அதனால் அவள் மனசு நோகாதபடி எல்லாரும் ஒரு கண்ணை மூடிவிடுங்கள்.

அவ்வளவு நல்ல மனசுக்காரர்கள். சாறு எப்படி இருந்தாலும் உள்ளங்கையை நக்கிவிட்டு ஒரு கண்ணை மூடினார்கள். உறிஞ்சினார்கள், சப்புக்கொட்டினார்கள். அவள் சரியாக வந்துவிட்டது என்று நம்பி எதையும் கூட்டாமல், குறைக்காமல் அப்படியே ஊற்றிக் கொடுத்தாள். நாளாக நாளாகச் சாறு சப்பென்று ஆகிக்கொண்டே போனது.

எனக்கு அது முன்னாலேயே தெரியும். என் ஜன்னலுக்குள் வந்த ஆவியில் காரமும் இல்லை, புளிப்பும் இல்லை, தொண்டை கமறவில்லை. துணிகள் சுத்தமாக இருந்தன. சந்தோஷப்பட வேண்டியவள்தான் நான். ஆனால் எரிச்சலாக வந்தது. இத்தனை வருஷம் என்னைப் பாடாய்ப் படுத்திய சாறு இப்படியா ஆக வேண்டும் என்று தோன்றியது. ஒரு நாள் காலையில் ஜன்னலைத் திறந்து, "என்ன, குளிக்கறதுக்கு வெந்நீர் போடறியா?" என்று கேட்டேன். அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.  எப்போதும் அவள் ஒன்று சொல்வாள், நான் ஒன்பது சொல்வேன். அன்றைக்கு அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு உள்ளே போனாள்.

அன்று கடையில் அவள் முகங்களைப் பார்க்கவில்லை, குப்பைத் தொட்டியைப் பார்த்தாள். முன்பெல்லாம் காகிதக் கிண்ணத்தை விரலால் வழித்து நக்கிவிட்டுத்தான் போடுவார்கள். இப்போது தொட்டியில் கிடந்த கிண்ணங்களில் சாறு அப்படியே நிரம்பியிருந்தது. வெளியூர்க்காரர்கள் போட்டது மட்டுமில்லை, ஒற்றைக் கண்ணை மூடிச் சப்புக்கொட்டியவர்கள் போட்டதும் அப்படியேதான் இருந்தது. அவளுக்கு அப்போதுதான் பொறி தட்டியது.

மறுநாள் நான் ஒரு கவுனைக் கொடுக்க பஸ் ஸ்டாண்டுப் பக்கம் போயிருந்தேன். கவுன் ஒரு சாக்குதான் என்று யாராவது சொன்னால் நான் மறுக்கப் போவதில்லை. பழக்கா டைம் கீப்பரைக் கூப்பிட்டு உள்ளங்கையில் ஒரு கரண்டி ஊற்றினாள். அவர் நக்கினார். இடது கண்ணை இறுக்கி மூடினார், தலையை ஆட்டினார், நாக்கைச் சொடுக்கினார். இன்றைக்கு அபாரம் என்றார். சைக்கிள் ஸ்டாண்டுக்காரர் அதற்கு ஒரு படி மேலே போய், கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது என்று துடைத்துக்கொண்டார். இன்னும் இரண்டு டிரைவர்கள் வரிசையில் நின்று ஒரு கண்ணை மூடினார்கள்.

"குழாய்த் தண்ணி," என்றாள் பழக்கா. "மஞ்சத்தூள் கலந்த குழாய்த் தண்ணி. வேற ஒண்ணும் கிடையாது."

டைம் கீப்பர் முகத்தில் ஈயாடவில்லை. மூடிய கண்ணைத் திறப்பதா வேண்டாமா என்று தெரியாமல் அப்படியே நின்றார். ஒருவர் பஸ்ஸைப் பார்ப்பது போல அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். உன் நல்லதுக்குத்தான் என்று யாரோ இழுத்தார்கள்.

"செத்துப்போனது என் நாக்குதான். நான் சாகல," என்றாள் அவள். குரல் உயரவில்லை. "காவலாளி என் அடுப்புல தண்ணி ஊத்தினார். அவரை எனக்கு நேருக்கு நேரா பார்க்க முடிஞ்சுது, சண்டை போட முடிஞ்சுது. நீங்க எல்லாரும் சிரிச்சுக்கிட்டே ஊத்தறீங்க. நான் யாரோட சண்டை போடறது?"

 அவள் சட்டியை இறக்கி, அடுப்பை அவளே அணைத்தாள். கடை நடக்கிற நேரத்தில் அவள் அணைத்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. நான் கவுனைக் கொடுக்காமலே வீட்டுக்குத் திரும்பினேன். அவளைப் பிடிக்காது என்பது வேறு, இது வேறு.

மூத்தார் இதைக் கேள்விப்பட்டு, முடிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டார். நல்லவர் அல்லவா, அவள் சட்டியைக் கவிழ்ப்பதற்குள் தானே போய் எல்லாவற்றையும் முடித்துவிட்டால் அவளுக்கு அந்த வேதனை இருக்காது என்று கணக்குப் போட்டார். செல்போன் உறைக்காரரை அடுத்த நாளே வந்து இடத்தை அளந்துகொள்ளச் சொல்லிவிட்டார்.

அந்த அடுத்த நாள் காலை நான் ஒரு சட்டைக்குக் காலர் வைத்துக்கொண்டிருந்தேன். முன்வாசல் கதவைக் காலால் இடிக்கிற சத்தம். சுவர் எழுப்பிய நாளிலிருந்து அவள் என் முன்வாசல் வழியாக வந்ததே இல்லை. சண்டை போட வேண்டுமானால் கொல்லை வழிதான். இன்றைக்கு இரண்டு கையாலும் சாற்றுப் பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள், முழங்கையில் ஒரு பை எலுமிச்சை. உள்ளே வரச் சொல்வதற்குள் வந்துவிட்டாள். பாத்திரத்தை என் தையல் மிஷின் மேலேயே வைத்தாள்.

"கையை நீட்டு," என்றாள்.

"எதுக்கு? ஊர்ல உனக்கு வேற ஆளே இல்லையா?"

"ஊர்ல எல்லாருக்கும் என்னைப் பிடிக்கும். அதுதான் தொல்லையே. என்னைப் பிடிக்காதவ நீ ஒருத்திதான்."

 இப்படி ஒரு மரியாதையை என் வாழ்நாளில் யாரும் எனக்குச் செய்ததில்லை. அதைக் காட்டிக்கொள்ளாமல் கையை நீட்டினேன். நக்கிப் பார்த்தேன்.

"பாத்திரம் கழுவின தண்ணி," என்றேன். "இதைத் தொட்டுக்கிட்டுப் பழம் தின்னா பழத்துக்குத்தான் கேவலம்."

அவள் முகம் மலர்ந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், அப்படி ஒரு வசவைக் கேட்டு அப்படி மலர்ந்த முகத்தை நான் எங்கும் பார்த்ததில்லை. உடனே எலுமிச்சையை நறுக்க எதையோ தேடி, என் துணி வெட்டுகிற கத்தரிக்கோலை எடுத்து நறுக்கென்று வெட்டிவிட்டாள். நான் குதித்தேன். நூல் வெட்டக்கூட யாரையும் நான் தொடவிடாத கத்தரிக்கோல் அது, சாணை பிடித்து முழுசாக ஒரு வாரம்கூட ஆகவில்லை. நீயும் ஒரு மனுஷியா என்று ஆரம்பித்து, கொல்லை, குழாய், ஆவி, துணி என்று இத்தனை வருஷத்துப் பாக்கியையும் ஒரே மூச்சில் கொட்டினேன். அவள் காதிலேயே போட்டுக்கொள்ளாமல் பிழிந்தாள், கலக்கினாள், மறுபடி என் கையில் ஊற்றினாள்.

இப்போது பல் கூசியது. சொன்னேன். சர்க்கரை எங்கே என்று என் அடுக்களைக்குள் போய் அவளே எடுத்துக்கொண்டு வந்தாள். அடுத்த தடவை உப்புக் கரித்தது. அதையும் சொன்னேன், கொஞ்சம் கூட்டியே சொன்னேன். கொல்லைக்குப் போய் அன்னாசி வடித்த சாற்றை எடுத்துவந்து இன்னும் ஒரு கரண்டி விட்டாள். வாய்க்கு வாய் சண்டை, கைக்குக் கை சாறு. என் உள்ளங்கை எரிந்தது. ஒரு கட்டத்தில் நான் திட்டிக்கொண்டே நக்கினேன், பாதி வசவில் என் வாய் நின்றுவிட்டது. தொண்டை கமறி, மூக்கு சுறுசுறுவென்று ஏறி, வலது கண் தானாக மூடிக்கொண்டது. நான் வேண்டாம் என்று நினைத்தும் மூடிக்கொண்டது. அவள் அதைப் பார்த்தாள். நன்றாக இருக்கிறதா என்று கேட்கவில்லை. பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு, "நடையைக் கட்டு," என்றாள்.

"நான் எதுக்கு?"

"அங்க போய் ஆறினா மாறும். வா."

காலர் பாதியில் கிடந்தது. நான் போனேன்.

பஸ் ஸ்டாண்டில் செல்போன் உறைக்காரர் அளவு நாடாவை விரித்துத் தரையில் மண்டியிட்டிருந்தார். மூத்தார் நாடாவின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு எங்கள் இரண்டு பேரையும் சேர்த்துப் பார்த்ததும் அதைக் கைநழுவ விட்டார். பழக்கா நாடா மேலேயே விறகுக் கட்டைக் கொண்டுபோய் இறக்கினாள். அடுப்பு எரிந்தது, சட்டி ஏறியது. உறைக்காரர் நாடாவை உருவப் பார்த்தார், விறகு நகரவில்லை.

"இடம் காலியாகுதுன்னு சொன்னாங்களே," என்றார் அவர், பாவமாக.

"சொன்னவர் இதோ நிக்கறார், அவரையே கேளுங்க," என்றாள் பழக்கா. "பழம் வேணும்னா வரிசையில நில்லுங்க. இடம் நான் தரமாட்டேன்."

அவர் நின்றார். எண்ணெய் அடங்கியதும் முதல் அன்னாசித் துண்டை அவளே அவருக்கு எடுத்துக் கொடுத்தாள். டைம் கீப்பரும் மற்றவர்களும் தூரத்தில் நின்று கையைப் பிசைந்துகொண்டிருந்தார்கள். வரலாம், ஆனால் நன்றாக இல்லை என்றால் வாயைத் திறந்து சொல்ல வேண்டும், சொல்லத் தெரியாதவர்களுக்குப் பழம் கிடையாது என்றாள். ஒவ்வொருவராக வந்தார்கள். நான் அவள் பக்கத்தில் நின்றேன். சாறு ஆற ஆற ஒரு சொட்டு வைத்துப் பார்த்து, காரம் அமுங்கிப்போச்சு, இஞ்சி பத்தல என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். டைம் கீப்பர் துண்டைத் தோய்த்துத் தின்றுவிட்டு, கொஞ்சம் காரம் தூக்கலாக இருக்கிறது என்று பயந்து பயந்து சொன்னார். அவருக்கு அவள் இன்னொரு துண்டு போட்டாள். செல்போன் உறைக்காரர் கிண்ணத்தை விரலால் வழித்து நக்கிவிட்டு, நாடாவைச் சுருட்டிப் பையில் போட்டுக்கொண்டு போனார். அன்றைக்குக் குப்பைத் தொட்டியில் கிடந்த கிண்ணங்களில் ஒரு சொட்டு மிச்சமில்லை.

மூத்தாருக்குக் கண் கலங்கிவிட்டது. எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்து, இத்தனை வருஷத்துக்கு அப்புறமாவது நீங்கள் ராசியானீர்களே, அது போதும் எனக்கு என்றார்.

"யார் ராசியானது?" என்றாள் பழக்கா, எண்ணெயில் வாழைப்பழத்தை விட்டுக்கொண்டே. "வாயை வச்சுக்கிட்டு சும்மா இருங்க. ராசியாயிட்டா நாளைக்கு இவளும் பொய் சொல்ல ஆரம்பிச்சிடுவா."

நானும் அதையே சொல்லத்தான் வாயெடுத்தேன். அதற்குள் அவள் முந்திக்கொண்டாள்.